அந்தக் காமெடிக்குச் சிரித்தது தப்பா?

டிவியில் ரஜினியின் 'சிவாஜி' படம் ஓடிக்கொண்டிருந்தபோது, கருப்பு மை பூசிய அங்கவை, சங்கவை என்ற இரண்டு பெண்கள் வரும் இடத்தில் நீங்கள் வாய்விட்டுச் சிரித்ததாகவும், எட்டாம் வகுப்பு படிக்கும் உங்கள் மகள் ஒன்றும் சொல்லாமல் எழுந்து உள்ளே போய்விட்டதாகவும் எழுதியிருக்கிறீர்கள். அவள் உங்களைப் போலவே நல்ல கருப்பு என்பதையும் சேர்த்துச் சொல்லியிருக்கிறீர்கள். அப்புறம் மூன்று கேள்விகள். நம் படக் காமெடி எல்லாமே இப்படித்தானா? சென்சார் இதையெல்லாம் எப்படி விடுகிறது? இல்லை, இந்தத் தலைமுறைதான் தொட்டாற்சிணுங்கி ஆகிவிட்டதா? நான் படித்த வரையில் இந்த மூன்றுக்கும் அடியில், நீங்கள் எழுதாமல் விட்ட நான்காவது ஒன்று இருக்கிறது: 'நான் சிரித்தது தப்பா?' அதற்கும் சேர்த்தே பதில் சொல்லிப் பார்க்கிறேன்.

நான் பதினேழு வருடம் உதவி இயக்குநராகவும், பாதி நேரம் காமெடி டிஸ்கஷனில் உட்காருகிறவனாகவும் இருந்தவன். சாலிகிராமத்தில் ஒரு மாடி ரூம், தரையில் பாய், ஐந்தாறு பேர், டீ வந்துகொண்டே இருக்கும். நான் எழுதிக் கொடுத்த காமெடிப் பகுதிகளில் என் பெயர் டைட்டிலில் வந்தது குறைவு. அன்றைக்கு அது வருத்தம். இப்போது சில படங்களைப் பார்க்கும்போது நிம்மதியாகத்தான் இருக்கிறது. ஆக, நான் பேசுவது எழுதுகிறவன் பக்கத்திலிருந்து. நான் மனநல நிபுணனும் இல்லை, வக்கீலும் இல்லை.

முதலில், 'அந்தக் காலத்துக் காமெடி சுத்தம், இப்போதுதான் கெட்டுப்போச்சு' என்பது உண்மையில்லை. காது கேளாத மாமனார், திக்குவாய்க் காதலன், ஒன்றரைக் கண் மாப்பிள்ளை எல்லாம் கருப்பு வெள்ளைக் காலத்துச் சரக்கு. அதற்கும் முன்னால் போனால், தோல்பாவைக்கூத்தில் உச்சிக்குடும்பன், உளுவத்தலையன் என்று இருவர் வருவார்கள். பெயரிலேயே ஒருவனுக்குக் குடுமி, இன்னொருவனுக்கு மீன்தலை. தொல்காப்பியம் சிரிப்பு பிறக்கும் இடங்களை நான்காகப் பிரிக்கும்போது முதலில் வைப்பதே எள்ளலைத்தான். இளமை, பேதைமை, மடன் எல்லாம் பிறகுதான். அடுத்தவனை எள்ளிச் சிரிப்பது சினிமாவின் கண்டுபிடிப்பில்லை.

சினிமா செய்தது வேறு ஒன்று. என்.எஸ். கிருஷ்ணன் தன் குழுவை வைத்து நகைச்சுவைப் பகுதியைத் தனியாக உருவாக்கிப் படங்களுக்குக் கொடுத்து வந்தார். கதை ஒரு பக்கம், காமெடி ஒரு பக்கம் என்ற ஏற்பாடு அப்படியே நிலைத்தது. கவுண்டமணி, செந்தில் இணையின் பேர்போன பகுதிகள் பலவற்றை எழுதியவர் ஏ. வீரப்பன், அந்தப் படங்களின் இயக்குநர்கள் அல்ல. இதைத்தான் நாங்கள் 'டிராக்' என்போம். டிராக்குக்கென்று ஒரு கஷ்டம் உண்டு. படத்தில் மொத்தமே இருபது, இருபத்தைந்து நிமிடம், அதுவும் நான்கைந்து துண்டாக. ஒரு ஆள் வந்து நின்ற மூன்றாவது விநாடி அவன் யார் என்று தியேட்டர் கடைசி வரிசைக்குத் தெரிந்துவிட வேண்டும். அறிமுகம் செய்ய நேரமில்லை. அதனால் அச்சு வார்த்த ஆட்கள் வந்தார்கள்: 'நம்பள் நிம்பள்' என்று பேசும் வட்டிக்கடை சேட்டு, டீக்கடை மலையாளி, விசிலோடு கூர்க்கா, வாயில் வெற்றிலையோடு சமையல்கார ஐயர், நாலு பேரைத் துரத்தும் குண்டுப் பெண். யாரும் உட்கார்ந்து மார்வாரிகள் மேல் வன்மத்தோடு எழுதியதை நான் பார்த்ததில்லை. நேரம் மிச்சம், அவ்வளவுதான். ஆனால் முப்பது வருடம் எல்லோரும் இதே மிச்சம் பிடித்தால் என்ன ஆகும்? சேட்டு என்றால் வட்டிதான், குண்டு என்றால் பசிதான் என்று ஆகிவிடும்.

நடிகர்களின் பெயர்களைப் பாருங்கள். குண்டு கல்யாணம், குள்ளமணி, ஓமக்குச்சி நரசிம்மன், லூஸ் மோகன், கிங்காங். டைட்டில் கார்டில் வந்த பெயர்கள் இவை. அவர்களுக்குச் சோறு போட்டதும் அந்தப் பெயர்தான், வேறு வேடம் கிடைக்காமல் செய்ததும் அந்தப் பெயர்தான். ஓமக்குச்சிக்கு ஒரு நீதிபதி வேடம் எழுதலாம் என்று எந்த டிஸ்கஷனிலும் யாருக்கும் தோன்றவில்லை. எனக்கும்தான்.

இப்போது உங்கள் முதல் கேள்வி. எல்லாமே இப்படித்தானா என்றால், இல்லை. நான் ஒரு கணக்கு வைத்திருக்கிறேன், கழித்தல் கணக்கு. காட்சியிலிருந்து உடம்பு, நிறம், சாதி, குறை பற்றிய வசவை மட்டும் உருவி எடுத்துவிட்டு, மீதி நிற்கிறதா என்று பார்ப்பது.

1984-இல் வந்த 'வைதேகி காத்திருந்தாள்' படத்து பெட்ரோமாக்ஸ் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். 'எல்லாம் தெரிந்த' அழகுராஜாவாக வரும் கவுண்டமணி விளக்குக் கடை வைத்திருக்கிறார். இது எப்படி எரிகிறது என்று கேட்கும் செந்திலுக்குப் பொறுமையாகப் பாடம் எடுக்கிறார். விளக்குக்குள் ஒளி தரும் மெல்லிய வலையான மாண்டிலைச் செந்தில் தொட்டுப் பொடியாக்குகிறார். திட்டு நிறைய விழுகிறது, உதையும் விழுகிறது. அந்தத் திட்டு முழுவதையும் எடுத்துவிடுங்கள். தன்னை மேதாவி என்று நினைக்கும் ஒருவனின் கர்வமும், ஒரு அறியாப்பிள்ளைக் கேள்வியில் அது நொறுங்குவதும் அப்படியே இருக்கும். 'கரகாட்டக்காரன்' வாழைப்பழம் இன்னும் சுத்தம். ஒரு ரூபாய்க்கு இரண்டு பழம். ஒன்று வயிற்றில், ஒன்று கையில். கையில் இருப்பதே அந்த இன்னொன்று என்று செந்தில் சாதிக்கிறார். அடி வாங்குகிறவர் அவர், ஆனால் கடைசி வரை தர்க்கத்தில் ஜெயிப்பதும் அவர். கவுண்டமணிதான் பைத்தியம் பிடித்து அலைகிறார். வடிவேலுவின் கைப்புள்ளை அடிபடும்போது நாம் சிரிப்பது அவர் கருப்புக்கா? இல்லை. அதற்கு முன்னால் அவர் விட்ட சவடாலுக்கு. அவர் உடம்பில் விழும் அடி ஒவ்வொரு ஊர்ச் சண்டியர் மேலும் விழுகிறது.

அதற்காக நான் கவுண்டமணிக்குக் குடை பிடிக்கவில்லை. ஹீரோ, அரசியல்வாதி, ஊர்ப் பெரியவர் என்று யாரையும் விடாமல் போட்டுத் தாக்கியவர் அவர், அதனால்தான் நமக்குப் பிடித்தது. ஆனால் செந்திலைக் கூப்பிடும் வசவுகளில் ஒரு வணிகச் சாதியின் பெயரே அப்படியே இருக்கிறது. நாங்கள் பள்ளிக்கூடத்தில் ஒருவரை ஒருவர் அப்படிக் கூப்பிட்டிருக்கிறோம், அது ஒரு சாதி என்று தெரியாமலே. நிறத்தைச் சொன்னதும் தலை முடியைச் சொன்னதும் அப்படித்தான். கழித்தாலும் காட்சி நிற்கும் என்றால் அந்த வசவு தேவையில்லாமல்தானே அங்கே இருந்தது என்று நீங்கள் கேட்டால், ஆமாம்.

அங்கவை, சங்கவைக்கு வருகிறேன். பாரியின் மகள்கள் என்று மரபு சொல்லும் பெயர்கள் அவை. அப்பனையும் மலையையும் இழந்த பிறகு பாரி மகளிர் பாடிய 'அற்றைத் திங்கள்' பாட்டு நம் பாடப்புத்தகத்திலேயே உண்டு. 2007-இல் அந்தப் பெயர்களை எடுத்து, நடிகைகளுக்குக் கருப்பு மை பூசி, சாலமன் பாப்பையாவின் மகள்களாக நிறுத்தினார்கள். அந்தக் காட்சியில் கருப்பைக் கழித்துப் பாருங்கள். ஒரு தகப்பன் இரண்டு பெண்களை அழைத்து அறிமுகம் செய்கிறார். அவ்வளவுதான். அந்தப் பெண்கள் புத்திசாலித்தனமாக ஒரு பதில் சொல்வதில்லை, யாரையும் மடக்குவதில்லை. பார்த்ததும் பதற வேண்டியவர்களாக மட்டும் நிற்கிறார்கள்.

இதில் வேடிக்கை, அதே படத்தில் கதாநாயகனின் கருப்பும் காமெடிதான். நிறப் பொருத்தம் இல்லையென்று கதாநாயகி சொன்னதும் அவர் எதையெதையோ பூசி வெள்ளையாகப் பார்க்கிறார். ஒரு பாட்டு முழுக்க வெள்ளைக்காரத் தோலோடு ஆடுகிறார். ஆனால் அவருக்குத் தன் நிறத்தைப் பற்றித் தானே கிண்டல் அடிக்கவும், கடைசியில் அந்த நிறத்தோடேயே ஜெயிக்கவும் இடம் இருக்கிறது. ஒரே நிறம், ஒரே படம். ஆணுக்குக் கிடைத்த அந்த இடம் அந்த இரண்டு பெண்களுக்கு இல்லை. உங்கள் மகளுக்கு இதையெல்லாம் யாரும் விளக்கவில்லை. அவள் எழுந்து போன நேரம் சரியான நேரம்.

சரி, நீங்கள் ஏன் சிரித்தீர்கள்? தொழில் ரகசியம் ஒன்று சொல்கிறேன். இந்த மாதிரிக் காட்சிகளில் சிரிப்பு வருவது எதிரே நிற்கும் ஆளின் முகத்தால் அல்ல, அதைப் பார்க்கிறவர்களின் ரியாக்‌ஷனால். எடிட்டிங் டேபிளில் நாங்கள் அரை விநாடி கூட்டிக் குறைத்து விளையாடுவதே அங்கேதான். முகம், உடனே மூன்று பேரின் அதிர்ச்சி, கூடவே பின்னணியில் ஒரு 'டொய்ங்'. நல்ல டைமிங் உள்ள நடிகர் ரியாக்‌ஷன் கொடுத்தால் நீங்கள் யோசிக்கும் முன் வாய் சிரித்துவிடும். மறைந்த விவேக் அதில் கெட்டிக்காரராக இருந்தார். அது தும்மல் மாதிரி. அதைத் தப்பு என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. ஆனால் பதினைந்து வருடமாக அதே காட்சி காமெடி சேனல்களில் தனித் துண்டாகத் திரும்பத் திரும்ப வருகிறதே, படத்தை மறந்தவர்களுக்கும் அந்த இரண்டு நிமிடம் மட்டும் மனப்பாடமாக இருக்கிறதே, அதைத் தும்மல் கணக்கில் எழுத முடியாது.

சென்சார் எப்படி விட்டது என்பது இரண்டாவது கேள்வி. எழுத்தில் விதி இருக்கிறது. 1952-ஆம் வருட ஒளிப்பதிவுச் சட்டத்தின் கீழ் 1991 டிசம்பரில் மத்திய அரசு வெளியிட்ட வழிகாட்டுதல்களில், பெண்களை எந்த விதத்திலும் இழிவுபடுத்தும் காட்சிகள் கூடாது, இனம், மதம் அல்லது வேறு குழுக்களை இகழும் சொற்களும் காட்சிகளும் கூடாது, கீழ்த்தரமான உணர்வைத் தூண்டும் இரட்டை அர்த்த வசனங்கள் கூடாது என்றெல்லாம் உண்டு. மாற்றுத்திறனாளிகளைக் கேலி செய்வதைப் பற்றிய விதியில் ஒரு சொல் கூடுதலாக இருக்கிறது. 'தேவையில்லாமல்' காட்டக் கூடாதாம். தேவையை யார் முடிவு செய்வது? காமெடி டிராக்கில் எல்லாமே தேவைதான் என்று சொல்லிவிடலாம்.

அதோடு பணமும் இதில் சேர்ந்துகொண்டது. தமிழில் பெயர் வைத்தால் கேளிக்கை வரி விலக்கு என்று 2006-இல் அரசு அறிவித்தது. 2011-இல் அதற்கு 'யு' சான்றிதழ் வேண்டும் என்ற நிபந்தனையும் வந்தது. 2017-இல் ஜிஎஸ்டி வரும் வரை 'யு' என்பது தயாரிப்பாளருக்கு நேரடியாகக் காசு. சாட்டிலைட் உரிமை விற்கவும் அதுவே வசதி. ஆகவே டிஸ்கஷனில் 'இது போகாது' என்று யாராவது சொன்னால் அது படுக்கையைப் பற்றிய வசனமாக இருக்கும், இல்லாவிட்டால் சாதிப் பெயர், கட்சிப் பெயர். 'கருவாயன்' போகுமா என்று யாரும் கேட்டதே இல்லை. போகும் என்று எல்லோருக்கும் தெரியும். ஆபாசத்துக்கு ஒரு வேலி இருந்தது, அவமானத்துக்கு இல்லை. குழந்தைகள் பார்க்கலாம் என்று முத்திரை குத்திய படங்களில்தான் அவமானம் அதிகம் இருந்தது.

கொச்சையைப் பற்றி என் கருத்து உங்களுக்குப் பிடிக்காமல் போகலாம். எனக்கு அதில் அவ்வளவு கோபம் இல்லை. ஸ்பெஷல் நாடகத்தில் பபூன் விடிய விடியப் பேசுவதைக் கேட்டு வளர்ந்தவன் நான். முன்வரிசையில் கிழவிகள் வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பார்கள். 2017, 2018 வாக்கில் பெரியவர்களுக்கான காமெடி என்று 'ஏ' சான்றிதழோடு சில படங்கள் வந்தன. எனக்கு ரசிக்கவில்லை, பாதியில் தூக்கம் வந்தது. ஆனால் உள்ளே என்ன இருக்கும் என்று தெரிந்து டிக்கெட் வாங்குகிறார்கள். கொச்சை வேறு, இழிவு வேறு. இரண்டும் ஒட்டிக்கொள்ளும் இடம்தான் சிக்கல். பெரும்பாலான இரட்டை அர்த்த வசனங்கள், அர்த்தம் புரியாமல் நிற்கும் ஒரு பெண்ணைப் பார்த்துச் சொல்லப்படுகின்றன. அவள் புரிந்துகொண்டு திருப்பி அடித்தால் அது எங்கள் ஊர்க் கூத்து. நம் படங்களில் அவள் திருப்பி அடிப்பது அபூர்வம்.

படம் பார்த்து யாராவது கெட்டுப்போகிறார்களா என்பதில் நான் ஜாக்கிரதையாகவே பேசுவேன். தாமஸ் ஃபோர்ட் என்ற அமெரிக்க உளவியலாளரும் அவரோடு வேலை செய்தவர்களும் 2004-இலும் 2008-இலும் இதைப் பற்றி எழுதியிருக்கிறார்கள். சுருக்கமாகச் சொன்னால், ஒரு மட்டமான ஜோக் நல்லவனைக் கெட்டவனாக்குவதில்லை. ஏற்கெனவே பெண்கள் மேல் இளக்காரம் உள்ள ஆணுக்கு மட்டும் 'இங்கே இதெல்லாம் சகஜம்' என்று ஒரு அனுமதிச் சீட்டைக் கொடுக்கிறது. அப்படிப்பட்ட துணுக்குக் காட்சிகளைப் பார்த்த பிறகு அவன் பெண்கள் அமைப்புக்கு ஒதுக்கும் பணம் குறைந்தது. இந்தச் சோதனைகளில் இருந்தவர்கள் அமெரிக்கக் கல்லூரி மாணவர்கள். அதை அப்படியே தூக்கி மதுரைக்கோ தஞ்சாவூருக்கோ பொருத்த முடியாது. அதனால் 'சினிமாதான் காரணம்' என்று நான் எழுத மாட்டேன்.

ஆனால் அந்த அனுமதிச் சீட்டை நான் கண்ணால் பார்த்திருக்கிறேன், அதுவும் நான் எழுதியதில். ஒரு படத்துக்குத் திக்குவாய் மாப்பிள்ளை ஒருவரை எழுதினேன். பெண் பார்க்க வந்த இடத்தில் காபி என்று சொல்ல முடியாமல் தவிப்பார். யூனிட்டில் லைட் தூக்கும் பையன் ஒருவனுக்குத் திக்குவாய். ஷாட் எடுத்தபோது எல்லோரையும் விடச் சத்தமாகச் சிரித்தவன் அவன்தான். அப்பாடா, அவனுக்கே பிடித்திருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன். மறுநாள் காலையிலிருந்து யூனிட் முழுக்க அவனை அந்த மாப்பிள்ளையின் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டது. டீ கொடுக்கிறவர்கூட 'கா... கா... காபி வேணுமா' என்றார். அதுவரை அவன் பேச்சை யாரும் கவனித்ததே இல்லை. நான்காம் நாள் அவன் வேறு படத்துக்குப் போய்விட்டான். ஊருக்குப் போகிறேன் என்று என்னிடம் சொல்லிவிட்டுத்தான் போனான். நானும் நம்பினேன்.

அதனால் மூன்றாவது கேள்விக்கு, அதாவது இந்தத் தலைமுறை தொட்டாற்சிணுங்கியா என்பதற்கு, என் பதில் இதுதான். எழுந்து போனவர்கள் எப்போதும் இருந்தார்கள், தியேட்டர் இருட்டில் நமக்குத் தெரியவில்லை. இப்போது வெளிச்சத்தில் வந்து நிற்கிறார்கள். 2009-இல் முடிதிருத்துவோர் எதிர்த்த பிறகு 'பில்லு பார்பர்' என்ற இந்திப் படம் வெறும் 'பில்லு' ஆனது. 2015-இல் 'ஐ' படத்தில் ஒரு திருநங்கைக் கதாபாத்திரத்தைக் காட்டிய விதத்துக்காகச் சென்னையில் திருநங்கைகள் தெருவில் இறங்கினார்கள். அதுவரை அவர்களை ஒரு எண்ணைச் சொல்லிக் கேலி செய்வது எங்கள் டிஸ்கஷனில் உப்பு மாதிரி. எதிலும் கொஞ்சம் போடுவோம். 2023-இல் தமிழக அரசு குறவன் குறத்தி ஆட்டத்துக்குத் தடை போட்டது. அந்தச் சமூகத்தினர் நெடுநாளாகக் கேட்டு வந்தது அது.

இவற்றில் எல்லாமே சரி என்று நான் சொல்லவில்லை. 'பார்பர்' என்ற சொல்லே வசவா என்பதில் எனக்குச் சந்தேகம் உண்டு. தொழில் பெயரைச் சொன்னாலே கேவலம் என்றால் கேவலம் அந்தச் சொல்லிலா இருக்கிறது? அதைப் போலவே, எல்லோர் மனமும் கோணாமல் காமெடி எழுத முடியும் என்றும் நான் நம்பவில்லை. அப்படி எழுதினால் அது பள்ளி ஆண்டுவிழா நாடகம் மாதிரி இருக்கும்.

கோடு எங்கே போடுவது என்பதற்கு நான் பார்த்ததில் உருப்படியான பேச்சு 2024 ஜூலையில் உச்ச நீதிமன்றத்திலிருந்து வந்தது. ஒரு இந்திப் படம் மாற்றுத்திறனாளிகளைக் கேலி செய்கிறது என்று போடப்பட்ட வழக்கு அது. தீர்ப்பு எழுதியவர்கள் படத்தை வெட்டச் சொல்லவில்லை. இரண்டு வகைச் சிரிப்பைப் பிரித்துக் காட்டினார்கள். குறையோடு வாழ்வதைப் பற்றி நமக்குள்ள தவறான எண்ணங்களைக் கேள்வி கேட்கும் நகைச்சுவை ஒன்று, அந்த மனிதர்களையே மட்டம் தட்டும் நகைச்சுவை இன்னொன்று. யார் சொல்கிறார், எந்தச் சூழலில், என்ன நோக்கத்தில் என்று பார்க்கச் சொன்னார்கள். என் கழித்தல் கணக்கும் கிட்டத்தட்ட அதுதான், நான் பாயில் உட்கார்ந்து கண்டுபிடித்தேன், அவர்கள் நாற்காலியில்.

தனி டிராக் எழுதுவது இப்போது ஏறக்குறைய நின்றுவிட்டது. காமெடியன்கள் கதாநாயகன் ஆனார்கள், கதைக்குள்ளேயே காமெடி வேண்டும் என்று இயக்குநர்கள் கேட்க ஆரம்பித்தார்கள். இதனால் உருவக்கேலி குறைந்ததா என்றால், படங்களில் கொஞ்சம் குறைந்ததாகத்தான் எனக்குப் படுகிறது. அந்தச் சரக்கெல்லாம் ஆண்கள் சேலை கட்டிக்கொண்டு வரும் டிவி நிகழ்ச்சிகளுக்கும், செல்போன் வீடியோக்களுக்கும் குடிபெயர்ந்துவிட்டது என்பது என் சந்தேகம்.

உங்கள் மகளிடம் இதையெல்லாம் பிரசங்கம் பண்ண வேண்டாம். அவள் எழுந்து போனதை நீங்கள் கவனித்தீர்கள் என்பது அவளுக்குத் தெரிந்தால் போதும். அப்புறம் ஒரு ஞாயிற்றுக்கிழமை அந்த பெட்ரோமாக்ஸ் காட்சியைப் போட்டுக் காட்டிப் பாருங்கள். அதற்கு முன்னால் மாண்டில் என்றால் என்ன என்று அவளுக்குச் சொல்ல வேண்டியிருக்கும். எங்கள் வீட்டில் அதற்கே பத்து நிமிடம் ஆனது, பாதியில் நானே தடுமாறினேன், பெண் சிரித்தாள்.